மெழுகெடுப்பு

மெழுகை எடுத்தாயிற்று, இரண்டு காதிலிருந்தும். உள்ளங்கையில் வைத்திருக்கிறேன், புளியங்கொட்டைப் பருமனில் இரண்டு உருண்டை, என் காதுக்குள்ளே இருக்கும் வளைவு அப்படியே அதில் பதிந்திருக்கிறது, பார்க்கவே கூச்சமாக இருக்கிறது, யாராவது பார்த்துவிடுவார்களோ என்று விரல்களை மடக்கிக்கொள்கிறேன். யார் பார்க்கப் போகிறார்கள். ஊர் மொத்தமும் சரிவுக்குக் கீழே இச்சி மரத்தடியில் எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறது, காதை அடைத்துக்கொண்டு. ஒருவர் மெழுகை எடுத்துவிட்டு உட்கார்ந்தால் மற்றவர்கள் அவர் முகத்தைப் பார்க்கக் கூடாது, குளிக்கிறவரைப் பார்க்கக் கூடாது என்பது போல, அதுதான் ஊதுகரட்டில் மரியாதை. அத்தை மட்டும் என் எதிரில் இருக்கிறார். சரிந்து மூடிக்கொண்ட வளையின் வாயில் ஒரு கையை வைத்தபடி, காலை நீட்டி, என் முகத்தையே பார்த்தபடி. அத்தைக்கு மெழுகு தேவையில்லை. அத்தையின் மகன், என்னைக் கட்டிக்கொண்ட இவர், சின்னப் பிள்ளையாக இருந்தபோதே ஒரு காய்ச்சலில் அத்தைக்குக் காது போய்விட்டது. போகாமல் இருந்திருந்தால் இந்த இடத்தில் அத்தைதான் உட்கார்ந்திருப்பார், நான் கீழே மற்றவர்களோடு மரத்தடியில் அழுதுகொண்டிருப்பேன், அழுவது மட்டும்தான் என் வேலையாக இருந்திருக்கும், எவ்வளவு சுலபம். பார், எதை நினைக்கிறேன். இவர் மலைக்குள்ளே கிடக்கிறார், நான் சுலபத்தைப் பற்றி நினைக்கிறேன். இது அவருக்குக் கேட்குமா, இப்போதே கேட்குமா. கேட்காது. முரல் இன்னும் தொடங்கவில்லை. காற்று இன்னும் கிழக்கிலிருந்துதான் வருகிறது, என் முந்தானை மேற்குப் பக்கமாகத்தான் படபடக்கிறது.

மூச்சுக்கல்லுக்காகத் தோண்டும் குடைவை இங்கே வளை என்பார்கள், எலி வளை மாதிரி ஓர் ஆள் தவழ்ந்து போகும் அளவுக்குத்தான் இருக்கும். நேற்றுக் காலையில் இவர் தவழ்ந்து போன வளை வெயில் ஏறுவதற்குள் சரிந்துவிட்டது. கூட யாரும் இல்லை. வாயிலிருந்து நாலு கல்லை அகற்றுவதற்குள் மேலேயிருந்து மண் பொலபொலவென்று கொட்ட, வளைக்காரர்களுக்கெல்லாம் மூத்தவரான ஒச்சப்பன் எல்லோரையும் தள்ளி நிற்கச் சொல்லிவிட்டார். நேற்று சாயங்காலம் காற்றே திரும்பவில்லை. இன்றைக்குத் திரும்பும் என்கிறார். திரும்பினால் இந்தக் கரட்டில் இருக்கிற அத்தனை ஓட்டைகளுக்குள்ளும் மேற்குக் காற்று புகுந்து, மலை முரலும். முரலும்போது காது திறந்திருப்பவர்களின் மனசெல்லாம் ஒன்றுக்குள் ஒன்று திறந்துகொள்ளும். காதை அடைத்தவருக்குக் கேட்கவும் கேட்காது, அவரை யாரும் கேட்கவும் முடியாது. வெட்ட வெளியில் யாருக்கு வேண்டுமானாலும் யாரையும் கேட்கும், ஆனால் பாறைக்கு உள்ளே இருப்பவரைக் கேட்கப் பெற்றவள் வேண்டும், கூடப் பிறந்தவர் வேண்டும், அல்லது கட்டிக்கொண்டவள் வேண்டும். கூடப் பிறந்தவர் யாருமில்லை. பெற்றவளுக்குக் காது இல்லை. நான் இருக்கிறேன்.

ஒச்சப்பன் என்னிடம் பேசும்போது என் காலைப் பார்த்துத்தான் பேசினார். “உள்ள வேலை செய்யிறவன் மெழுகு வைக்க மாட்டான் தாயி. கல்லு விரியிற சத்தம் கேக்கணும்ல. அவன் காது தொறந்துதான் இருக்கும். அவன் நெனப்பு ஓடுதுன்னா உசுரு இருக்கு. கையத் தூக்கு, போதும், உங்க அத்த பாத்துட்டு வந்து சொல்லட்டும், மலையப் புரட்டிப் போட்டுருவோம்.” நான் கேட்க வேண்டியதைக் கேட்காமல் நின்றேன், எனக்கு எப்போதும் அப்படித்தான், கேள்வி தொண்டைக்கு வந்து அங்கேயே உட்கார்ந்துகொள்ளும். அவராகவே சொன்னார். “ஓடலன்னா, வாயில கல்லு வச்சு மூடிருவோம். பொணத்துக்காக இன்னும் நாலு பேரக் காவு குடுக்க முடியாது.” பிறகு, “கேக்கணும்னு ஆசப்படுறது வேற, கேக்குறது வேற. ராக்கு கதை உனக்குத் தெரியும்ல?” தெரியும். ஊரில் எல்லோருக்கும் தெரியும். ராக்குவின் புருஷன் இப்படித்தான் மாட்டிக்கொண்டார். ராக்கு காதைத் திறந்து உட்கார்ந்தாள், தண்ணீர் கேட்கிறார் தண்ணீர் கேட்கிறார் என்று கையைத் தூக்கினாள், தோண்டினார்கள், மலை இரண்டாம் தடவை இறங்கியது, தோண்டினவர்களில் இரண்டு பேர் போய்விட்டார்கள், அதில் ஒருவர் ஒச்சப்பனின் தம்பி. கடைசியில் ராக்குவின் புருஷனை எடுத்தபோது அவர் முதல் சரிவிலேயே செத்திருந்தது தெரிந்தது. ராக்கு பொய் சொல்லவில்லை. அவளுக்குக் கேட்டதுதான். முரலில் எதுவும் குரலாக வராது, பெயர் ஒட்டிக்கொண்டு வராது, உன் நினைப்பு எப்படி வருமோ அப்படியேதான் அடுத்தவர் நினைப்பும் உனக்குள் வரும். அவளுடைய தாகமே அவளுக்கு அவர் தாகமாகக் கேட்டிருக்கிறது. ஊரில் யாரும் அவளை ஒரு சொல் சொன்னதில்லை. ஆனால் அவள் இன்றுவரை தூங்கும்போதுகூட மெழுகை எடுப்பதில்லை. ராக்கு இப்போதும் அந்த மரத்தடியில்தான் இருக்கிறாள், எல்லோரையும் விடத் தள்ளி, சிவப்புச் சேலை.

முந்தானை தொய்ந்துவிட்டது. காற்று நின்றிருக்கிறது. இதுதான் அது, நடுவில் ஒரு மூச்சு நேரம் எதுவும் இருக்காது என்று இவர் சொல்லியிருக்கிறார், அப்போது வயிற்றுக்குள் படியிறங்கத் தவறினது போல இருக்கும் என்று. எனக்கு வயிறு இருப்பதே தெரியவில்லை. நேற்றிலிருந்து குளிக்கவில்லை, சாப்பிடவில்லை, அத்தைதான் ஒரு கை கூழை வாயில் வைத்துத் திணித்தார். நான் படித்த ஆற்றூரில் இந்த நேரம் விடுதியில் தேநீர் மணி அடிப்பார்கள். கல்லூரியில் ஒலியைப் பற்றிப் பாடம் எடுத்த பேராசிரியர் ஊதுகரட்டைப் பலகையில் வரைந்து காட்டினார், ஒரு முக்கோணம், அதில் ஓட்டைகள், புல்லாங்குழல் மாதிரிதான் பிள்ளைகளே, மற்றதெல்லாம் மலைக்காரர்கள் கட்டிவிட்டது. நானும் அந்த முக்கோணத்தை அழகாக வரைந்துகொண்டேன். அந்த முக்கோணத்துக்குள்ளேயே வந்து வாழ்க்கைப்படுவேன் என்று அப்போது யார் கண்டது. பல்லில் ஏதோ கூசுகிறது. கடைவாய்ப் பல்லில். பிறகு தாடை எலும்பில். காதுக்கு வருவதற்கு முன்னால் எலும்புக்கு வந்துவிடுகிறது, நான் உட்கார்ந்திருக்கும் பாறை தொடை வழியாக முரல்கிறது, நெஞ்சுக்கூட்டுக்குள்ளே யாரோ பெரிய அண்டாவின் விளிம்பைக் கட்டைவிரலால் தேய்க்கிற மாதிரி, நிற்காமல், ஒரே சுருதியில். மெழுகோடு இருந்த நாட்களில் இது தூரத்து வண்டிச் சத்தமாகத்தான் இருந்தது. இவ்வளவு பக்கத்தில் இருந்திருக்கிறதா இத்தனை நாளும்.

பச்சை. பச்சை மட்டும். மெல்லுகிற பச்சை, பல்லில் நறநறக்கிற பச்சை, அதற்குப் பின்னால் இன்னும் பச்சை. இது நான் இல்லை. இது ஆடு, மரத்துக்கு அந்தப் பக்கம் கட்டியிருக்கும் சிலம்பாயி அக்கா வீட்டு ஆடு, ஆட்டுக்கு யார் மெழுகு வைப்பார்கள். சிரிப்பு வருகிறது, இந்த நேரத்தில் சிரிப்பு வருகிறது, ஒரு ஆட்டின் மனசுக்குள் இருக்கிறேன், அங்கே எவ்வளவு நிம்மதி. பிறகு வெதுவெதுப்பாக ஏதோ, ஈரமாக, ஒரு பெரிய முகம் மேலேயிருந்து இறங்கி வருகிறது, முகமே வானமாக, அதில் மூக்குத்தி ஒரு சூரியன். யாருடைய கைக்குழந்தையோ, நடக்கிற பிள்ளைகளுக்கெல்லாம் இன்றைக்கு மட்டும் மெழுகு வைத்துவிட்டார்கள். சரி, ஆடு ஒன்று, குழந்தை ஒன்று, நான் ஒன்று. இன்னொன்று எங்கே. மலைப் பக்கமாகத் திரும்பிப் பார்க்கிறேன், கண்ணால் இல்லை, எப்படியென்று சொல்லத் தெரியவில்லை, ஆடு இருக்கும் பக்கம் ஒரு கனம் இருக்கிறது, குழந்தை இருக்கும் பக்கம் ஒரு சூடு இருக்கிறது, மலைப் பக்கம் ஒன்றும் இல்லை. குளிர்ந்த சுவர். சுவருக்குப் பின்னால் சுவர். இதற்குப் பெயர்தான் இல்லாமல் போவதா. இல்லை, எனக்குக் கேட்கத் தெரியவில்லை, அவ்வளவுதான், இந்த ஊர்ப் பெண்கள் பிறந்ததிலிருந்து கேட்கிறார்கள், ஏழெட்டு வயது வரைக்கும் மெழுகே வைப்பதில்லை, நான் இன்றைக்குத்தான் முதல் முதலாக. கல்யாணமான பெண் முதல் முதலாகக் காதைத் திறப்பது இப்படியா நடக்க வேண்டும்.

முரல் தளர்கிறது. ஒரே மூச்சாக வராது, இழை இழையாகத்தான் வரும், நடுவில் காற்று மூச்சு வாங்கும். ஒச்சப்பன் சரிவில் பின்பக்கமாகவே நடந்து மேலே வருகிறார், என்னைப் பார்க்காமல், ஒரு காது மெழுகை மட்டும் எடுத்து விரலிடுக்கில் வைத்துக்கொண்டு. “ஏதாவது?” என்கிறார் மரத்தைப் பார்த்து. இல்லை என்று தலையாட்டுகிறேன், அவருக்கு எப்படித் தெரியும், வாயைத் திறந்து, “ஆடுதான்” என்கிறேன். “ஆடு நல்லா கேக்கும். ஆடு முன்னால நிக்கும். அதத் தாண்டிப் போ.” “எப்படித் தாண்டுறது?” “அது எனக்குத் தெரியாது தாயி. எம் பொண்டாட்டி மனசத் தவிர வேற எதுக்குள்ளயும் போனதில்ல. அங்கயும் திட்டுதான் கேக்கும்.” சிரிக்க வைக்கப் பார்க்கிறார், குரல் ஒத்துழைக்கவில்லை. அத்தை எங்கள் இரண்டு பேர் வாயையும் மாற்றி மாற்றிப் பார்த்துவிட்டு, காது கேட்காதவர்கள் பேசும் அந்தப் பெரிய குரலில், “என்னடி சொல்றான்?” என்கிறார். மகனைத்தான் கேட்கிறார். இன்னும் ஒன்றும் சொல்லவில்லை அத்தை என்று கையை விரிக்கிறேன். “பசிக்குதுன்னு சொல்லுவான். அவனுக்கு அதான் மொதல்ல வரும்,” என்கிறார் அத்தை, பாறையைத் தட்டிக்கொடுத்தபடி, பாறை முதுகு மாதிரி. “கத்திரிக்கா வாங்கி வச்சிருக்கேன்னு சொல்லுடி அவன்ட்ட.” ஒச்சப்பன் மெழுகைத் திருப்பிக் காதில் அழுத்திக்கொண்டு இறங்கிவிட்டார்.

இவர் ஒருநாளும் அவசரப்படுத்தவில்லை. கல்யாணம் முடிந்து வரும் முதல் முரலில் மாப்பிள்ளையும் பெண்ணும் எதிரெதிரே உட்கார்ந்து ஒருவர் காதிலிருந்து ஒருவர் மெழுகை எடுக்க வேண்டும், மெழுகெடுப்பு, அதற்கென்று பலகாரம்கூட உண்டு. எங்களுக்கு அது இன்னும் நடக்கவில்லை. அடுத்த முரல், அடுத்த மாதம், மழை முடியட்டும், கம்பு அறுக்கட்டும். முதல் முரல் வந்த அன்றைக்கு நான் அழுதேன், அழுகையை அடக்கப் பார்த்து விக்கல் வந்துவிட்டது, இவர் தண்ணீர் எடுத்துக் கொடுத்து, “உனக்கு எப்பத் தோணுதோ அப்ப எடுப்போம். எனக்கென்ன, எம் மண்டைக்குள்ள பெருசா ஒண்ணுமில்ல. பாதிக்கு மேல வெங்காயச் சட்னி ஞாபகம்தான்” என்றார். அதிலிருந்து தினமும் காற்று திரும்புவதற்கு முன்னால் இவர்தான் முதலில் மெழுகை வைத்துக்கொள்வார், தலையை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் திருப்பிக் காட்டுவார், பார் அடைச்சாச்சு என்று, குழந்தைக்கு வெறும் கையைக் காட்டுவது போல. ஊர் சும்மா இருக்குமா. பக்கத்து வீட்டு சிலம்பாயி அக்கா குழாயடியில் எல்லோருக்கும் கேட்க, “என்ன வெண்ணி, மெழுகு இன்னும் இளகலையா? கொண்டா, எங்க வீட்டு அடுப்புல காட்டித் தாரேன்” என்பார். எல்லோரும் சிரிப்பார்கள். நான் தலையைக் குனிந்துகொண்டு, குடம் நிரம்புவதற்குள் தூக்கிக்கொண்டு வந்துவிடுவேன். எதற்கு அவ்வளவு பயம். பெரிய ரகசியம் ஏதாவது இருந்திருந்தால்கூடப் பரவாயில்லை. என்னிடம் இருப்பதெல்லாம் சில்லறை. இவர் காது மடலில் இருக்கும் முடியைப் பார்த்து நான் நினைப்பது. அத்தை சத்தமாகப் பேசும்போது கதவைச் சாத்திக்கொள்ளத் தோன்றுவது. ஆற்றூருக்கே திரும்பிப் போய் விடுதிக் கட்டிலில் சுவரைப் பார்த்துப் படுத்துக்கொள்ளலாமா என்று சில மத்தியானங்களில் தோன்றுவது. எல்லோரும் பாடுகிறார்களே அந்தப் பெரிய பிரியம், அது எனக்குள்ளே எங்கே இருக்கிறது என்று தேடினால் கிடைக்காதது. இவர் உள்ளே வந்து பார்ப்பார், அறை அறையாகப் போவார், எல்லா அறையிலும் சில்லறை கிடக்கும், இவ்வளவுதானா என்று ஒன்றும் சொல்லாமல் மெழுகை எடுத்துத் திரும்ப வைத்துக்கொள்வார். அந்த நிமிஷத்துக்குத்தான் பயந்தேன். அதனால் இன்றைக்கு எனக்கு இவர் மனசு எப்படி இருக்கும் என்றே தெரியாது. இனிப்பா புளிப்பா, கனமா லேசா, எதுவும். கூட்டத்தில் காணாமல் போனவரைத் தேட அனுப்பியிருக்கிறார்கள், எனக்கு முகமே தெரியாது.

மறுபடியும் பல்லில் கூச்சம். இரண்டாவது இழை, முதலாவதை விடத் தடிமன், பாறை இடுக்கில் கிடந்த பொடிக்கற்கள் நடுங்கி நகர்கின்றன. ஆடு, பச்சை, தாண்டு. குழந்தை தூங்கிவிட்டது, அதன் தூக்கம் மட்டும் மாவு போல. தாண்டு. சுவர். சுவரில் கையை வைத்துத் தடவிக்கொண்டே போகிறேன். இருட்டு. இருட்டுக்குள்ளே ஒரு வெளிச்சம். சின்னது. மங்கலாக, நீலமாக, ஓரத்தில் ஒரு தாடை தெரியும்படி பெரிதாகிறது, பிறகு சுருங்குகிறது. பெரிதாகிறது, சுருங்குகிறது. மூச்சுக்கல். மூச்சு பட்டால்தான் அது மினுங்கும், ஊதினால் நீலமாகும், விட்டால் அணையும். யாரோ மூச்சுவிடுகிறார். மூச்சுவிடுகிறார். என் கை மேலே போகிறது, தோள் வரைக்கும் போய்விட்டது. அங்கேயே நிற்கிறது. யாருடைய வெளிச்சம் இது. நேற்று ராத்திரி முழுக்க நான் கண்ணை மூடி எதைப் பார்த்துக்கொண்டிருந்தேன், இதைத்தானே, இவர் பக்கத்தில் ஒரு கல் இருக்க வேண்டும், அது மினுங்க வேண்டும் என்று, இதே நீலம், இதே அளவு. ராக்குவுக்குத் தண்ணீர். எனக்கு வெளிச்சம். கீழே சிவப்புச் சேலை அசையாமல் இருக்கிறது. என் கை தோளுக்குப் பக்கத்தில் அந்தரத்தில் நிற்கிறது, அத்தை அதைப் பார்த்துவிட்டார், நிமிர்ந்து உட்கார்ந்துவிட்டார், அத்தையின் முகம் திறக்கிறது, நான் இதுவரை பார்த்தே இராத ஒரு முகம், இளம் பெண்ணின் முகம். ஐயோ அத்தை. தூக்கினால் என்ன. தூக்கிவிட்டால் எல்லோரும் ஓடி வருவார்கள், இந்த வளைக்குள் ஒச்சப்பன்தான் முதல் ஆளாகப் போவார், அவருக்கு ஏற்கெனவே ஒரு தம்பி போயிருக்கிறார். தூக்காவிட்டால் இவர். இவர் உள்ளே கல்லை ஊதி ஊதிக் கூப்பிட்டுக்கொண்டிருந்து நான் இறக்கிவிட்டால். கையை இறக்குகிறேன். என் கையா இது, இவ்வளவு கனமாக. அத்தை பாறைப் பக்கமாகத் திரும்பி நெற்றியை அதில் வைத்துக்கொண்டார். வெளிச்சம் போய்விட்டது. இழையும் அறுந்துவிட்டது.

இனி இன்னும் ஒரு இழை வரும், வராமலும் போகும். வெயில் அந்தக் கொம்புப் பாறைக்குப் பின்னால் இறங்கிவிட்டால் காற்று மாறிவிடும். நிதானமாக யோசி. கல்லூரியில் படித்தவள்தானே, யோசி. என்னுடையதை எல்லாம் முதலில் வெளியே எடுத்துப் போட வேண்டும், அரிசியில் கல் பொறுக்குவது போல, மிச்சம் இருப்பது இவருடையது. இவர் சாப்பிடுகிறார், முன்பல்லில் சின்ன உடைசல், அதில் கீரை. என்னுடையது. இவர் கயிற்றைச் சுருட்டித் தோளில் மாட்டுகிறார். என்னுடையது. மழையில் நனைந்து வந்து வாசலில் நாய் மாதிரி தலையை உதறுகிறார், அத்தை திட்டுகிறார், என்னுடையது. இவர் தூங்குகிறார், வாய் திறந்து, நான் முழங்கையை ஊன்றிப் பார்த்துக்கொண்டிருக்கிறேன், எவ்வளவு நேரம் பார்த்திருக்கிறேன், என்னுடையது, என்னுடையது, எல்லாமே என்னுடையது, எவ்வளவு இருக்கிறது. எல்லாவற்றிலும் இவர் முகம் இருக்கிறது. ஆமாம், எல்லாவற்றிலும் இவர் முகம் இருக்கிறது. யாராவது தன் முகத்தைத் தானே பார்த்துக்கொண்டு திரிவார்களா. இவர் நினைப்பு என்று ஒன்று வந்தால் அதில் இவர் இருக்க மாட்டார். அந்த வெளிச்சத்தில்கூட ஓரத்தில் இவர் தாடை தெரிந்தது, நான் அதை எங்கிருந்தோ பார்த்துக்கொண்டிருந்தேன், அப்படியானால் அது நான். கையை இறக்கியது சரிதான். சரி என்பதில் சந்தோஷப்பட என்ன இருக்கிறது, அப்போதும் சுவர்தான். பெயரைச் சொல்லிக் கூப்பிட வேண்டும் என்று சிலம்பாயி அக்கா காலையில் காதோடு சொன்னார், “வெக்கப்படாதடி, இன்னைக்கு மட்டும் வெக்கப்படாத.” பெயரைச் சொல்லி நான் கூப்பிட்டதில்லை. ஏங்க என்றுதான், அதுவும் பாதி நேரம் வெறும் இருமல்தான். மனசுக்குள்கூட இவர், இவர் என்றே. கடம்பன். சொல்லியாயிற்று. கடம்பன், உள்ளே வாருங்கள். சில்லறைதான் கிடக்கிறது. எல்லாக் கதவையும் திறந்து வைத்திருக்கிறேன், காது மடல் முடி, ஆற்றூர்க் கட்டில், எல்லாவற்றையும் பார்த்துக்கொள்ளுங்கள், பார்த்துவிட்டுக் கோபப்படுங்கள், என்னவாவது செய்யுங்கள், ஆனால் இருங்கள்.

வருகிறது. மெல்லிய இழை, கடைசி, பல்லுக்குக்கூட எட்டவில்லை, நகக்கண்ணில் மட்டும் ஒரு நமைச்சல். ஆடு. குழந்தை. சுவர். நான் எதையும் தேடவில்லை, தேடினால் என்னுடையதே கையில் கிடைக்கிறது. சும்மா இருக்கிறேன். வலது கால் மரத்திருக்கிறது, என் கால் நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் ஒரு வலது கால் மரத்திருக்கிறது. பிறகு ஒரு முதுகு. ஒரு பெண்ணின் முதுகு, அடுப்புக்கு முன்னால் குந்தியிருக்கிறாள், பின்னல் முன்பக்கம் தோளில் விழுந்து கிடக்கிறது, மஞ்சள் ரவிக்கை. யார் இவள், இவ்வளவு சின்னதாக. கையில் அகப்பையை வைத்துக்கொண்டு ஆட்டி ஆட்டிப் பேசுகிறாள், யாரிடமோ சண்டை, எதிரில் யாருமில்லை, தலையைச் சாய்த்து இடுப்பில் கைவைத்து வேறொருத்தி குரலில் ஒன்று சொல்கிறாள், பிறகு தன் குரலில் வெடுக்கென்று பதில் சொல்கிறாள், சொல்லிவிட்டுத் தானே ஒருமுறை தலையாட்டிக்கொள்கிறாள். ஐயோ. நான். நேற்றுக் காலை. யாருமில்லை என்று நினைத்தேன். கதவு நிலையில் ஒரு தோள் சாய்ந்திருக்கிறது, அந்தத் தோளில் கயிறு உறுத்துகிறது, அது என் தோள் மாதிரி உறுத்துகிறது. அந்தப் பெண் அடுப்புக்குள் விறகைத் தள்ளிவிட்டு அதே கையைப் பின்னால் வளைத்து முதுகைச் சொறிகிறாள், மஞ்சள் ரவிக்கையில் மூன்று விரல் கரி, பக்கத்தில் பக்கத்தில், பூனை கீறினது போல. சொல்லலாமா, கரியாக்கிட்டன்னு, வேணாம், நான் நின்னு கேட்டது தெரிஞ்சா இன்னைக்கு முழுக்கத் தலையே நிமிர மாட்டா. சிரிப்பு முட்டுகிறது, கன்னத்துக்குள் நாக்கை வைத்து அடைத்துக்கொள்கிறது அந்த வாய், கால் பின்பக்கமாக ஓசையில்லாமல் நகர்கிறது. சாயங்காலம் வந்து சொல்லிக்கலாம். சாயங்காலம் சொல்லணும். இருட்டு, மரத்த கால், நாக்கில் மண், சாயங்காலம் போய் அந்தக் கரியைப் பத்திச் சொல்லணும்.

கையைத் தூக்கிவிட்டேன். இரண்டு கையையும். யாரும் பார்க்கவில்லை, அத்தை இன்னும் பாறையில் நெற்றியை வைத்திருக்கிறார், மற்ற எல்லோர் முதுகும்தான் தெரிகிறது, மரியாதை. “இருக்காரு,” என்று கத்துகிறேன், என் தொண்டையிலிருந்து இவ்வளவு பெரிய சத்தம் வந்ததே இல்லை, ஒருவர்கூடத் திரும்பவில்லை, எல்லோர் காதிலும் மெழுகு. சரிவில் இறங்கி ஓடுகிறேன், கல் இடறுகிறது, ஒச்சப்பனின் தோளைப் பிடித்து உலுக்குகிறேன், பிற ஆண்பிள்ளையைத் தொட்டுவிட்டேன் என்பது தொட்ட பிறகுதான் தெரிகிறது. அவர் மெழுகைப் பிடுங்கிக்கொண்டு, “நெசமாவா?” என்கிறார். “நல்லா யோசிச்சுச் சொல்லு தாயி. உன் ஆசையா, அவனா?” தள்ளி உட்கார்ந்திருந்த ராக்கு எழுந்து நிற்கிறாள். எனக்கு மூச்சு வாங்குகிறது. இத்தனை பேர், இத்தனை கண், எல்லாம் இப்போது என் பக்கம், சிலம்பாயி அக்காவும் மெழுகை எடுத்துக்கொண்டு கிட்டே வருகிறார். “சிலம்பாயிக்கா,” என்கிறேன். “என் முதுகப் பாருங்க.” திரும்பி நிற்கிறேன், முந்தானையை நானே விலக்குகிறேன், பின்னலை முன்னால் இழுத்துப் போட்டுக்கொள்கிறேன். “கரி இருக்கா?”

“இருக்குடி,” என்கிறார் சிலம்பாயி அக்கா. “நேத்துலேருந்து இருக்கு. நானும் பாத்துக்கிட்டுத்தான் இருக்கேன், எழவு விழுந்த மாதிரி உக்காந்திருக்கவகிட்டப் போயி ரவிக்கையில கரின்னு எவ சொல்லுவா?”

“மூணு விரலா?”

“மூணு விரல்.” அக்காவின் விரல் என் முதுகில் ஒவ்வொன்றாகத் தொடுகிறது. “உனக்கெப்படிடி தெரியும்? முதுகுல கண்ணா இருக்கு?”

“எனக்குத் தெரியாது. அவரு பாத்தாரு. நேத்துக் காலைல, வளைக்குப் போகும்போது, அடுப்படி வாசல்ல நின்னு.”

ஒச்சப்பன் என் முதுகைப் பார்க்கவில்லை, தரையைப் பார்த்தபடிதான் நிற்கிறார். “அதுக்கு என்ன சொன்னான்?” என்கிறார் மெதுவாக.

“ஒண்ணும் சொல்லல. சிரிப்ப அடக்கிக்கிட்டு நின்னாரு.”

“அப்ப அவனேதான்,” என்கிறார் ஒச்சப்பன். பிறகு நிமிர்ந்து அந்தச் சரிவே அதிரும்படி, “டேய், கடப்பாரையத் தூக்குங்கடா, முட்டுக்கட்ட மொதல்ல, முட்டுக் குடுக்காம எவனும் ஒரு கல்லத் தொடக்கூடாது!” எல்லோரும் ஒருவர் காதை ஒருவர் தட்டி எழுப்புகிறார்கள், கட்டைகள் தோளில் ஏறுகின்றன, ராக்கு எல்லோருக்கும் முன்னால் மண்கூடையோடு ஏறிக்கொண்டிருக்கிறாள். மேலே அத்தை, கீழே ஏதோ அசைவதைப் பார்த்துவிட்டு, யார் சொல்வதற்கும் காத்திராமல் சேலையை இழுத்துச் செருகுகிறார். சிலம்பாயி அக்கா மட்டும் என் பின்னாலேயே நிற்கிறார். “அடுப்படியில என்னடி பண்ணிக்கிட்டிருந்த, அவன் சிரிக்கிறதுக்கு?” என்கிறார். யார் குரலில் பேசிக்கொண்டிருந்தேன் என்பதை நான் சொல்லவில்லை. அக்கா தன் முந்தானை நுனியை நாக்கில் நனைத்து என் முதுகைத் துடைக்க வருகிறார். அந்தக் கையைப் பிடித்துக்கொள்கிறேன்.

“வேணாம்க்கா, இருக்கட்டும். அவரு சொல்லட்டும்.”